மரக்காணம் சாலையும் குபேர் சாலையும்

மரக்காணத்து உப்பளங்களைச் சித்திரை வைகாசியில்தான் பார்க்க வேண்டும். அந்த மாதங்களில் வெயில் மண்டையைப் பிளக்கிறது என்பது வாஸ்தவமே. ஆனால் மற்ற ஊர்களில் ஜனங்கள் எந்த வெயிலைத் திட்டுகிறார்களோ, அதே வெயிலை முதலாக வைத்துத்தான் இந்த ஊரில் தொழில் நடக்கிறது. சுமார் 3,000 ஏக்கர் பரப்பில், பாத்தி பாத்தியாகக் கண்ணாடி பதித்தாற்போல் உப்புநீர் நிற்கிறது. ஒரு பக்கம் கழுவெளி. இன்னொரு பக்கம் பக்கிங்ஹாம் கால்வாய். அதற்கும் அப்பால் மணல்மேடும் சமுத்திரமும். கணுக்கால் அளவு உப்புநீரில் நின்றுகொண்டு ஆண்களும் பெண்களும் நீண்ட காம்புள்ள பலகையால் உப்பை வாரி வரப்போரம் ஒதுக்குகிறார்கள். ஐப்பசி மழை இறங்கிவிட்டால் பாத்திகள் குளமாகிவிடும். அதற்குள் சம்பாதித்ததைக் கொண்டுதான் மிச்ச மாதங்களையும் தள்ளியாக வேண்டும்.

உப்பைப் பற்றி எழுதுவதற்காக நாம் அங்கே போகவில்லை. புதுச்சேரியில் ஓர் அரசியல்வாதியின் சரித்திரத்தை விசாரிக்கப் புறப்பட்டவர்கள், வழியில் இறங்கினோம். இறங்கியது நல்லதாகப் போயிற்று.

வரப்பின்மேல் பனையோலை நிழலில் ஒரு பெரியவர் உட்கார்ந்திருந்தார். வயது எண்பத்தைந்துக்குக் குறையாது. உள்ளங்கால்கள் உப்புநீரில் ஊறி ஊறி வெடித்துக் கருங்கல் மாதிரி இறுகியிருந்தன. எங்கே போகிறோம் என்று கேட்டார். புதுச்சேரிக்கு என்றோம்.

"இப்போ பஸ்ஸிலே ஏறினா ஒரு மணி நேரம். எங்க அக்காளைக் காலாப்பட்டிலே கொடுத்திருந்தோம், ஐயா. நான் பதினாலு வயசுப் பையனா இருந்தப்போ அக்காளுக்குப் பிரசவம். எங்க ஆத்தா மருந்து இடிச்சுத் துணியிலே முடிஞ்சுக்கிட்டுப் புறப்பட்டாங்க. காலாப்பட்டு பிராஞ்சுக்காரன் சீமையாச்சே! வழியிலே தடுப்புக்கட்டை. சீட்டு இருந்தாத்தான் போகலாம்னு திருப்பி அனுப்பிட்டாங்க. பிள்ளையை ஆறு மாசம் கழிச்சுத்தான் பார்த்தோம்."

"அப்புறம் தடுப்புக்கட்டையை யார் எடுத்தது, பெரியவரே?" என்று கேட்டு வைத்தோம்.

"குபேர் துரைதான்! அவர் நல்லவரோ கெட்டவரோ, அது எனக்குத் தெரியாது. கட்டையைத் தூக்கினார், ஆத்தா பேரனைத் தூக்கினாங்க."

நாம் விசாரிக்கப் புறப்பட்டிருந்ததும் அந்தக் குபேரின் கதையைத்தான்.

பெரியவர் சொன்னதன் பொருள் அந்தச் சாலையில் பிரயாணம் செய்தவர்களுக்கு நன்றாக விளங்கும். மரக்காணத்திலிருந்து தெற்கே புதுச்சேரி சுமார் 35 கிலோமீட்டர். அனுமந்தை, கூனிமேடு, கீழ்ப்புத்துப்பட்டு என்று தமிழ்நாட்டுக் கிராமங்களாக வந்துகொண்டே இருக்கும். திடீரென்று கனகசெட்டிகுளத்தில் புதுச்சேரிப் பலகை தென்படும், காலாப்பட்டு தாண்டியதும் அது மறைந்து மறுபடியும் தமிழ்நாடு, பொம்மையார்பாளையம், கோட்டக்குப்பம், அப்புறம் முத்தியால்பேட்டையில் மீண்டும் புதுச்சேரி. ஒரே கடற்கரை, ஒரே பாஷை, ஒரே மீன் குழம்பு. ஆனால் 1954 வரையில் இந்த 35 கிலோமீட்டருக்குள் இரண்டு தேசங்கள் மாறி மாறிக் குறுக்கிட்டன! துண்டு துணியை ஒட்டுப் போட்டாற்போல் வெள்ளைக்காரர்கள் நம் நாட்டை வெட்டி ஒட்டிய விந்தை அது.

அந்த விந்தையில் உப்புக்கும் பங்கு உண்டு. புதுச்சேரிக் கடற்கரையில் மட்டும் உப்பு விளையாதா என்ன? விளைந்தது. 1815-ஆம் வருஷம் இங்கிலாந்தும் பிரான்ஸும் லண்டனில் ஓர் உடன்படிக்கை செய்துகொண்டன. அதன்படி, பிரெஞ்சுப் பகுதிகளில் விளையும் உப்பில் ஊர்ச் செலவுக்குப் போக மிச்சத்தை வாங்கும் உரிமை இங்கிலீஷ் கம்பெனிக்கே ஏகபோகமாயிற்று. அதற்கு ஈடாக வருஷத்துக்கு 4 லட்சம் சிக்கா ரூபாய் பிரெஞ்சுக்காரர்களுக்குக் கிடைத்தது. 1818-ல் இன்னொரு ஒப்பந்தம்: உப்பளச் சொந்தக்காரர்களுக்கு வருஷத்துக்கு 4,000 வராகன் கொடுத்துப் பிரெஞ்சு உப்பளங்களையே நிறுத்தி வைத்தார்கள். ஊர்ச் செலவுக்கு வேண்டிய உப்பை அப்புறம் இங்கிலீஷ்காரரிடமிருந்தே வாங்க வேண்டியதாயிற்று. கடல் நம்முடையது, வெயில் நம்முடையது, வாரிய கை நம்முடையது, பேரம் மட்டும் லண்டனில்!

பிரெஞ்சுக்காரர்களின் ஆட்சியில் இன்னொரு விசித்திரமும் உண்டு. பிரிட்டிஷ் இந்தியாவில் வோட்டு என்ற வார்த்தையையே ஜனங்கள் கேள்விப்படாத காலத்தில், 1870-களிலேயே, புதுச்சேரி ஆண்மக்களுக்கு வோட்டுரிமை வந்துவிட்டது. பாரிஸ் பார்லிமெண்டுக்கு ஒரு பிரதிநிதியையும் அவர்கள் தேர்ந்தெடுத்தார்கள். ஆஹா, என்ன தாராளம் என்று எண்ணிவிட வேண்டாம். வோட்டு ஜனங்களுடையது, வோட்டுப் பெட்டி வேறு யாருடையதோ! சண்முக வேலாயுத முதலியார் போன்ற உள்ளூர்ப் பெருந்தனக்காரர்கள் தேர்தல்களை நடத்திய விதம் தனிப் புராணம். தடியர்கள் வாசலில் நிற்பார்கள். செத்துப்போனவர்கள் எழுந்து வந்து வோட்டுப் போடுவார்கள். இந்தப் பள்ளிக்கூடத்தில்தான் புதுச்சேரி அரசியல் பாலபாடம் படித்தது. குபேரும் அதில் படித்துத் தேறியவர்தாம்.

எதுவார் குபேர் 1894-ஆம் வருஷம் ஜூலை 29-ஆம் தேதி புதுச்சேரியில் பிறந்தார். தந்தை பிரெஞ்சுக்காரர், தாயார் இந்தியப் பெண்மணி. குபேர் என்ற பெயரைக் கேட்டு நம் குபேரனை நினைத்துக்கொள்ளும் நேயர்களை நாம் குறை சொல்ல மாட்டோம். அவர் காலத்தில் அவருடைய எதிரிகளும் அப்படித்தான் நினைத்தார்கள். நிறத்தில் பாதி துரை. பேச்சிலும் பழக்கத்திலும் முழுப் புதுச்சேரிக்காரர். தமிழில் தாராளமாகப் பேசுவார். எந்த வீட்டில் கல்யாணம், எந்த வீட்டில் துக்கம் என்பது அவருக்குத் தெரியும். நீதிமன்ற நிர்வாகத்தில் நெடுங்காலம் உத்தியோகம் பார்த்தவராதலால், எவன் எந்த வழக்கில் மாட்டியிருக்கிறான் என்பதும் தெரியும். அரசியலுக்கு இதைவிடச் சிறந்த மூலதனம் வேறென்ன வேண்டும்! பிற்காலத்தில் ஜனங்கள் அவரைப் "பப்பா குபேர்" என்றே அழைத்தார்கள்.

அவர் அரசியல் மேடையில் முன்னுக்கு வந்தது ஐம்பது வயதுக்கு மேல். அதற்கு வெகு முன்னாலேயே மேடையைக் கட்டியவர் வேறொருவர். அவரைச் சொல்லாமல் குபேரைச் சொல்வது நியாயமாகாது.

வ. சுப்பையா 1911-ல் புதுச்சேரியில் பிறந்தவர். 1934-ல் மகாத்மா காந்தி புதுச்சேரிக்கு விஜயம் செய்தபோது அதற்காக உழைத்தவர். அதே வருஷம் "சுதந்திரம்" என்ற பத்திரிகையைத் தொடங்கினார். பஞ்சாலைத் தொழிலாளர்களைத் திரட்டினார். 1936-ஆம் வருஷம் ஜூலை 30-ஆம் தேதி வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர்மீது பிரெஞ்சுப் படையினர் சுட்டதில் 12 பேர் மாண்டார்கள். அந்த ரத்தத்துக்குப் பிறகே, 1937-ல், எட்டு மணி நேர வேலைச் சட்டம் புதுச்சேரிக்கு வந்தது. சுப்பையா சிறைக்குப் போனார், நாடு கடத்தப்பட்டார், திரும்பி வந்தார், மறுபடியும் வெளியேற்றப்பட்டார். பிற்காலத்தில் அவர் பொதுவுடைமைக் கட்சிக்காரர். அந்தக் கொள்கையில் நமக்கு என்ன அபிப்பிராயம் இருந்தாலும், அவர் பட்ட கஷ்டத்தில் யாருக்கும் அபிப்பிராய பேதம் இருக்க முடியாது.

1947-ல் இந்தியா சுதந்திரம் அடைந்தது. "இங்கிலீஷ்காரன் போய்விட்டான்; நீ எப்போது?" என்று புதுச்சேரி ஜனங்கள் கேட்கத் தொடங்கினார்கள். அந்த வருஷத்தில்தான் குபேரும், அப்போது பாரிஸ் பார்லிமெண்டில் பிரதிநிதியாயிருந்த லம்பேர் சரவணனும் சேர்ந்து பிரெஞ்சிந்திய சோஷலிஸ்ட் கட்சியை ஏற்படுத்தினார்கள். கட்சியின் பெயரில் சோஷலிஸம் இருந்தது. கட்சிக்குப் பின்னால் சர்க்காரின் ஆசீர்வாதம் இருந்தது. பிரான்ஸை விட்டுப் பிரிய வேண்டாம், பிரெஞ்சு ஐக்கியத்துக்குள்ளேயே சுயாட்சியோடு இருப்போம் என்பது அதன் வாதம். சரவணன் பிற்பாடு மனம் மாறி இந்தியப் பக்கம் சேர்ந்துவிட்டார். குபேர் அசையவில்லை.

1948 ஜூனில் இந்தியாவும் பிரான்ஸும் ஓர் ஏற்பாட்டுக்கு வந்தன: பிரெஞ்சிந்தியாவின் எதிர்காலத்தை அந்தந்த ஊர் ஜனங்களே வோட்டுப் போட்டு முடிவு செய்ய வேண்டியது. வங்காளத்திலுள்ள சந்திரநாகூர் 1949 ஜூனில் வோட்டுப் போட்டது. இந்தியாவோடு சேர 7,473 பேர்; வேண்டாம் என்றவர்கள் 114 பேர்! புதுச்சேரியில் அப்படி நடக்கவில்லை. 1948 அக்டோபரில் நடந்த நகரசபைத் தேர்தல்களில் குபேர் கட்சியார் பெருவெற்றி பெற்று, கொம்யூன்களையெல்லாம் கைப்பற்றிக்கொண்டார்கள். பழைய பள்ளிக்கூடத்துப் பாடம் மறந்துபோகவில்லை என்று எதிர்க்கட்சியார் கூச்சலிட்டார்கள். 1950-ல் சுப்பையாவின் வீடு தீக்கிரையாயிற்று. இணைப்பு வேண்டும் என்று பேசியவர்கள் அடிக்குப் பயந்து எல்லை தாண்டி இந்தியக் கிராமங்களில் தங்கும்படி ஆயிற்று. 1951-ல் நடுநிலைப் பார்வையாளர்கள் வந்து பார்த்துவிட்டு, சுதந்திரமாக வோட்டெடுக்கும் நிலைமை இங்கே இல்லை என்று சொல்லிவிட்டுப் போனார்கள். அதே வருஷம் குபேர் பாரிஸ் பார்லிமெண்டின் அங்கத்தினரானார். புதுச்சேரியில் அவர் வைத்ததே சட்டம்.

இதற்கிடையில் எல்லையில் நடந்தது தனி நாடகம். 1941-ல் ஏற்பட்ட சுங்க ஒப்பந்தம் 1949-ல் முறிந்தது. உடனே இந்திய சர்க்கார் புதுச்சேரியைச் சுற்றிலும் சுங்கச் சாவடிகளை எழுப்பினார்கள். ஆனால் ஒட்டுத்துணியில் எத்தனை தையல்! ஒரு வயலின் இந்தக் கரை இந்தியா, அந்தக் கரை பிரான்ஸ். தங்கமும் வைரமும் கடிகாரங்களும் புதுச்சேரியில் வந்து இறங்கி, இரவோடிரவாக வரப்புகளின்மேல் நடந்துபோயின. சிலர் திடீர்க் குபேரர்கள் ஆனார்கள். ஏழைகள் கண்டது என்ன? சாலையில் தடுப்புக்கட்டையும், கையில் சீட்டு இல்லையென்றால் திரும்பி நடப்பதும்தான். மருந்து முடிச்சுடன் திரும்பிவந்த தாயாரின் முகம் நமக்கு இங்கே நினைவுக்கு வருகிறது.

1954 மார்ச்சு பிறந்தது. அந்த மாதம் 18-ஆம் தேதி, வோட்டெடுப்பே வேண்டாம், உடனே இந்தியாவுடன் இணைய வேண்டும் என்று புதுச்சேரிப் பகுதியின் மேயர்களும் நிர்வாக சபை மந்திரிகளும் தீர்மானம் போட்டார்கள். இவர்கள் யார்? நேற்று வரையில் "வீவ் லா பிரான்ஸ்" என்று தொண்டை கிழியக் கத்திய அதே சோஷலிஸ்டுகள்! குபேரும் அந்தப் பக்கம் வந்துவிட்டார். காலையில் சூரியன் மேற்கே உதித்திருந்தாலும் புதுச்சேரி ஜனங்கள் அவ்வளவு ஆச்சரியப்பட்டிருக்க மாட்டார்கள்.

ஏன் இந்தக் குட்டிக்கரணம்? சுங்க மோசடி விஷயமாகப் பிரெஞ்சு அதிகாரிகள் அவர்மீது நடவடிக்கை எடுக்கப் போகிறார்கள் என்று தெரிந்ததும் முந்திக்கொண்டார் என்று சரித்திரம் எழுதியவர்கள் பலர் சொல்லுகிறார்கள். இந்தோசீனாவில் பிரான்ஸ் தோற்றுக்கொண்டிருந்ததை அறிந்து, கப்பல் மூழ்குமுன் இறங்கினார் என்பது இன்னொரு கட்சி. ஊர் ஜனங்களின் மனம் எந்தப் பக்கம் சாய்ந்துவிட்டது என்பதை மோப்பம் பிடித்தார் என்பாரும் உண்டு. மூன்றும் உண்மையாயிருப்பதற்குத் தடை ஒன்றும் இல்லை. மனிதர்கள் ஒரே காரணத்துக்காக ஒரு காரியத்தைச் செய்வது கதைகளில்தான்.

ஆனால் செய்தபின் அவர் பின்வாங்கவில்லை. எல்லை தாண்டி இந்தியாவுக்குள் வந்தார். நாலு பக்கமும் இந்தியா சூழ்ந்த நெட்டப்பாக்கம் கொம்யூனில் மூவர்ணக் கொடி ஏறியது. குபேரின் தலைமையில் தாற்காலிக சர்க்கார் ஒன்று அங்கே அமைந்தது. ஏப்ரலில் சுப்பையாவின் கட்சியார் திருபுவனையைக் கைப்பற்றினார்கள். வீட்டை இழந்தவரும், அவரை ஓட ஓட விரட்டிய கட்சியின் தலைவரும் இப்போது ஒரே கொடியின் கீழ்! ஜூனில் ஏனாம், ஜூலையில் மாஹே விடுதலையடைந்தன. மே மாதம் தியன் பியன் பூவில் பிரெஞ்சுப் படை சரணடைந்திருந்தது. ஜூனில் பாரிஸில் மெந்தேஸ் பிரான்ஸ் பிரதம மந்திரியானார். அவர் யதார்த்தம் தெரிந்தவர். வீண் பிடிவாதம் பிடிக்கவில்லை.

1954 அக்டோபர் 18-ஆம் தேதி கீழூர் என்ற சின்னஞ்சிறு கிராமத்தில், ஜனப் பிரதிநிதிகளும் நகரசபை அங்கத்தினர்களுமாக 178 பேர் கூடி வோட்டுப் போட்டார்கள். இந்தியாவோடு சேர 170, எதிராக 8. இந்த 170 பேரில் பெரும்பாலோர் யார் என்பதை நேயர்கள் கவனிக்க வேண்டும். 1948 தேர்தல் முறையின் சிருஷ்டிகள். குபேர் வளர்த்த பிள்ளைகள். அவர் பழைய பக்கத்திலேயே நின்றிருந்தால் கீழூரில் இப்படி ஒரு கணக்கு வந்திருக்குமா? வராது என்றே நாம் நினைக்கிறோம். அவர் எந்தக் கோணல் வழியாக அந்த அதிகாரத்தைச் சம்பாதித்தாரோ, அதுவே கடைசியில் துப்பாக்கிச் சண்டை இல்லாமல் காரியத்தை முடித்து வைத்தது. இது நமக்கு உவப்பான முடிவு அல்ல. ஆயினும் கணக்கு அப்படித்தான் வருகிறது. நவம்பர் 1-ஆம் தேதி நிர்வாகம் இந்தியாவின் கைக்கு மாறிற்று. மாற்றல் உடன்படிக்கை 1956 மே மாதம் கையெழுத்தாயிற்று. அதைப் பிரான்ஸ் ஊர்ஜிதப்படுத்தியது 1962-ல்.

பிற்பகுதியைச் சுருக்கமாகவே சொல்லலாம். குபேர் காங்கிரஸில் சேர்ந்தார். 1961-ல் புதுச்சேரி மேயர். 1963 ஜூலை 1-ஆம் தேதி, அறுபத்தொன்பதாவது வயதை எட்டும் சமயத்தில், புதுச்சேரியின் முதலாவது முதல் மந்திரியாகப் பதவியேற்றார். பாரிஸ் பார்லிமெண்டிலும் இருந்து, இந்திய மூவர்ணத்தின் கீழ் முதல் மந்திரியாகவும் ஆன மனிதர் வேறு யார் இருக்கிறார்கள்! கட்சிக்குள் மூண்ட கலகத்தால் 1964 செப்டம்பரில் பதவி போயிற்று. வெங்கடசுப்பா ரெட்டியார் வந்தார். மற்றவர்களைக் கட்சி மாற்றியும் தாமே மாறியும் பழகியவர், பிறர் மாறியதால் வீழ்ந்தார். 1979 ஆகஸ்டு 14-ஆம் தேதி காலமானார். சுப்பையா 1969-ல் தான் மந்திரி நாற்காலியில் உட்கார்ந்தார், 1993-ல் மறைந்தார்.

அன்று மாலை புதுச்சேரியில் நம் நண்பர் ஒருவருடன் கடற்கரையில் உலாவினோம். ஒரு பக்கம் அலை. ஒரு பக்கம் வெள்ளைக் கட்டடங்கள். நடுவே குபேர் சாலை. ஊருக்குள்ளே பெரிய மார்க்கெட்டுக்கும் அவர் பெயர்தான். குபேர் சாலையின் மத்தியில் காந்தி மகானின் சிலை தடியூன்றி நிற்கிறது. நண்பரின் பாட்டனார் பஞ்சாலைத் தொழிலாளி; 1936-ல் குண்டு பட்டுப் பிழைத்தவர்; சாகும்வரை ஒரு கை விளங்கவில்லையாம்.

"குண்டு பட்டவர்களுக்கு ஒரு தூண், கொடி மாற்றியவருக்குக் கடற்கரை முழுவதுமா? தாத்தா இந்தச் சாலைக்கு வரவே மாட்டார். கடல் பார்க்க வேண்டுமென்றால் வேறு பக்கமாகச் சுற்றிப் போவார்" என்றார் நண்பர்.

உப்பளத்துப் பெரியவர் சொன்னதை அவரிடம் சொன்னோம். வெகு நேரம் பேசாமல் இருந்தார். "அந்த அம்மாளைத் திருப்பி அனுப்பிய தடுப்புக்கட்டை அத்தனை வருஷம் அங்கே கிடந்ததற்கு யார் காரணம் என்பதையும் பெரியவரிடம் கேட்டிருக்க வேண்டும்" என்றார் கடைசியில்.

கேட்கத்தான் தோன்றவில்லை. நண்பர் கேள்வியின் நியாயத்தை நாம் மறுக்கவில்லை. 1948-லேயே குபேர் மாறியிருந்தால் சந்திரநாகூரைப்போல் புதுச்சேரியும் சீக்கிரமே சேர்ந்திருக்கலாம். ஒரு வீடு எரியாமல் இருந்திருக்கலாம். ஆனாலும் 1954-லும் மாறாமலேயே இருந்திருந்தால்? மகாத்மாவின் காலடியில் உட்கார்ந்துகொண்டு இருவரும் இதைப் பற்றி இருட்டும் வரையில் தர்க்கம் செய்தோம். நண்பர் தம் கட்சியை விடவில்லை. நாமும் முழுக்க அவர் பக்கம் போகவில்லை. சாலைக்குப் பெயர் வைக்கும் அதிகாரம் எங்களிடம் இருந்தால் சுப்பையாவின் பெயரைத்தான் வைப்போம் என்பதில் மட்டும் இருவருக்கும் சம்மதம்.

இரவு பஸ்ஸில் திரும்பினோம். கோட்டக்குப்பம் தாண்டியதும் போலீஸார் பஸ்ஸை நிறுத்தினார்கள். பழைய தடுப்புக்கட்டை போனாலும் பழைய தொழில் போகவில்லை. புதுச்சேரியில் மதுவின் விலை குறைவாதலால், பாட்டில்கள் எல்லை தாண்டுகின்றனவா என்று சோதனை. ஒரு போலீஸ்காரர் நம் பையைத் தடவிப் பார்த்தார். கனமாக ஏதோ தட்டுப்பட்டது.

"என்ன சார் இது?"

காலையில் பெரியவர் தந்த முடிச்சை அவிழ்த்துக் காட்டினோம்.

"உப்பு."

அவர் ஒரு கல்லை எடுத்து வாயில் போட்டுக்கொண்டார். "மரக்காணமா?" என்று சிரித்துவிட்டு, பஸ் போகலாம் என்று கையை ஆட்டினார்.